முலாமுசியின் இடது இறக்கை

அந்தச் சனிக்கிழமை கான்சு போடுவதில்லை என்று நான் முடிவெடுத்தேன். கல்யாணமான நாளிலிருந்து யாரையும் கேட்காமல் நான் எடுத்த முதல் முடிவு அது. எடுத்துவிட்டு நானே கொஞ்சம் பயந்துபோனேன்.

கான்சு என்பது கழுத்தில் ஆரம்பித்துக் கணுக்காலில் முடியும் வெள்ளை அங்கி. அதற்கு மேல் கோட்டு வேறு. நல்ல காரியங்களுக்கு ஆண்பிள்ளைகள் அதைப் போட்டுக்கொண்டுதான் போக வேண்டும். போட்டுக்கொண்டு வெயிலில் உட்கார்ந்தால் வாழையிலைக்குள் வேகிற காயின் மனநிலை நன்றாகப் புரியும்.

அன்றைக்கு என் மனைவி நந்தேசாவின் தங்கைக்கு எம்பிகி ஊரில் நிச்சயதார்த்தம். எங்கள் பக்கத்து நிச்சயதார்த்தத்தில் மாப்பிள்ளை வீட்டார் கூட்டமாக வந்து வாசலில் நிற்பார்கள். பெண் வீட்டார் அவர்களை யாரென்றே தெரியாத மாதிரி பார்ப்பார்கள். இரண்டு பக்கத்துக்கும் ஆளுக்கொரு பேச்சாளர். "வழி தவறி வந்தீங்களா?" என்று பெண் வீட்டுப் பேச்சாளர் மைக்கில் கேட்பார். "சரியான வீட்டுக்குத்தான் வந்தோம்" என்பார் மற்றவர். இந்த ஒரு விஷயத்தை மதியம் வரைக்கும் பேசுவார்கள். மூத்த மருமகனான நான் முன்வரிசையில் முதுகை வளைக்காமல் உட்கார்ந்திருக்க வேண்டும். மாமியாரை மருமகன் நேருக்கு நேர் பார்ப்பது மரியாதை இல்லை. அதனால் அவர் இருக்கிற பக்கம் கழுத்தும் திரும்பக் கூடாது. என் மாமியார் ஓரிடத்தில் நிற்கிறவர் அல்ல. போன நிச்சயதார்த்தத்தில் எனக்குக் கழுத்து சுளுக்கிக்கொண்டது.

இதெல்லாம் கூடப் பொறுத்துக்கொள்ளலாம். அதே சனிக்கிழமை மாலை எங்கள் நாட்டு அணிக்குக் கால்பந்து ஆட்டம். ஜெயித்தால் உள்ளே, தோற்றால் வெளியே. எங்கள் அணிக்குப் பெயரே கொக்குகள். கொக்குகள் ஆடும்போது நான் கான்சுவில் நின்றால் அது தேசத்துரோகம்.

முடிவு எடுத்தாகிவிட்டது. காரணம்தான் கிடைக்கவில்லை. காய்ச்சல் சொல்ல முடியாது. நந்தேசா நெற்றியில் கை வைத்தால் எனக்கு இருக்கிற காய்ச்சலே இறங்கிவிடும். அலுவலக வேலை என்றும் சொல்ல முடியாது. நான் என்டெபே விமான நிலையத்தில் சரக்குப் பிரிவு குமாஸ்தா. என் ஷிப்டு எனக்கு மறந்தாலும் அவளுக்கு மறக்காது.

காலையில் பல் தேய்த்துக்கொண்டே கூடத்துக்கு வந்தேன். ஜன்னலோரம் தன் கட்டையில் முலாமுசி உட்கார்ந்திருந்தது. முலாமுசி எங்கள் கிளி. சாம்பல் நிறம், சிவப்பு வால். முலாமுசி என்றால் எங்கள் பாஷையில் நீதிபதி. தலையைச் சாய்த்து ஒற்றைக் கண்ணால் அது பார்க்கும் பார்வையில் செய்யாத குற்றத்தையும் ஒப்புக்கொள்ளத் தோன்றும். பெயர் வைத்தவள் நந்தேசா. குற்றவாளிக் கூண்டில் நிற்பவன் நான்.

அன்றைக்கு அது இரண்டு இறக்கைகளையும் தளர்த்தி லேசாகத் தொங்கவிட்டுக்கொண்டு வெயில் காய்ந்தது. பார்த்தவுடன் எனக்கு யோசனை உதித்தது. வாயில் இருந்த நுரையை விழுங்கிவிட்டேன்.

நந்தேசா உள்ளே தன் கோமசிக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். தோளில் கூர்மையாக நிற்கும் கையும் இடுப்பில் பெரிய பட்டையும் வைத்த அந்த உடையைத் தைப்பதுதான் அவளுக்குத் தொழில். ஊரில் பாதிப் பெண்களின் அளவு அவளுக்குத் தெரியும். என் அளவு முழுதாகவே தெரியும்.

"நந்தேசா, கிளியோட இறக்கையைப் பார்த்தியா?"

"ஏன், இருக்கா?"

"இடது இறக்கை தொங்குது."

"வலது?"

"வலதும் கொஞ்சம் தொங்குது. ஆனா அது இடதுக்குத் துணையாத் தொங்குது."

இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டு வந்தாள். கிளியைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். மறுபடி கிளியைப் பார்த்தாள். எங்கள் இருவரில் யாருக்கு அடி பட்டிருக்கிறது என்று யோசிப்பவள் மாதிரி இருந்தது.

"எப்படி அடிபட்டுச்சாம்?"

"ராத்திரி எதையாவது பார்த்துப் பயந்திருக்கும். படபடன்னு அடிச்சிருக்கும். இறக்கை விஷயம் எனக்குத் தெரியாதா? தினமும் விமானம் பார்க்கிறவன்."

"சரி செபோ."

செபோ என்றால் ஐயா. அவள் என்னை ஐயா என்று கூப்பிட்டால் எனக்கு உள்ளங்கை வேர்க்கும். ஆனால் அன்று அதற்குப் பிறகு ஒன்றும் நடக்கவில்லை. அடிபட்ட பறவையைத் தனியாக விட்டுவிட்டுப் போக முடியாதே, யாராவது கூட இருக்க வேண்டுமே என்று அவளே சொன்னாள். நான் பெருமூச்சு விட்டு, நானே இருக்கிறேன், நீ தங்கை நிச்சயத்தைச் சந்தோஷமாக நடத்திவிட்டு வா, என்னை நினைத்து வருத்தப்படாதே என்றேன். குரல் தழுதழுக்க வேண்டும் என்று நினைத்தேன். தானாகவே தழுதழுத்தது. அவள் சட்டென்று ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். தோள் குலுங்கியது. அழுகிறாள் என்று நினைத்து எனக்கே பாவமாகிவிட்டது.

அவள் கார் தெருமுனை திரும்பியதும் கான்சுவை மடித்து அலமாரியில் மேல் தட்டில் வைத்தேன். சுதந்திரம் என்றால் என்ன என்று எங்கள் நாட்டுக்கு அடுத்தபடியாக எனக்குத் தெரிந்தது அன்றுதான்.

அந்தச் சுதந்திரம் காலை டீ ஆறும்வரை நீடித்தது. எம்பிகி போகும் வழியிலிருந்து நந்தேசா போன் செய்தாள். பறவை டாக்டர் லாமுனுவிடம் சொல்லிவிட்டாளாம். மாலையில் வீட்டுக்கே வந்து இறக்கையைப் பார்க்கிறாராம். நான் எங்கேயும் போகக் கூடாதாம். சொல்லிவிட்டு வைத்துவிட்டாள்.

முலாமுசியைப் பார்த்தேன். இரண்டு இறக்கைகளையும் உடம்போடு சேர்த்து, அளவெடுத்துத் தைத்த மாதிரி கச்சிதமாக வைத்துக்கொண்டு நிலக்கடலை தின்றுகொண்டிருந்தது. பட்டாளத்துக்கே அனுப்பலாம். அவ்வளவு ஆரோக்கியம்.

பக்கத்து வீட்டு காசிர்யேயைக் கூப்பிட்டேன். ஏரியில் ஓடும் படகுகளில் எஞ்சின் பார்த்து ஓய்வு பெற்றவர். உலகத்தில் எது பழுதானாலும் அவரிடம் அபிப்பிராயம் உண்டு. எப்படியும் ஆட்டம் பார்க்க வருகிற மனிதர்தான். வறுத்த நிலக்கடலையை ஒரு தகரத் தட்டு நிறைய எடுத்துக்கொண்டு முன்கூட்டியே வந்துவிட்டார். நடந்ததைச் சொன்னேன். கடலையைத் தோல் நீக்கிக்கொண்டே கேட்டார்.

"இவ்வளவுதானா? டாக்டர் வந்தா, இறக்கை தானாச் சரியாயிடுச்சுன்னு சொல்லிடுங்க."

"நந்தேசா நம்ப மாட்டா. இடதுன்னு குறிப்பா வேற சொல்லித் தொலைச்சேன்."

"அப்ப இடது பக்கம் மட்டும் கொஞ்சம் பசை தடவி..."

அந்த யோசனையை அங்கேயே நிறுத்தினேன். எனக்குப் பொய்தான் சொல்ல வரும். பாவம் செய்ய வராது. கடைசியில் இருவரும் ஒரு ஏற்பாட்டுக்கு வந்தோம். டாக்டர் வரும்போது கிளியின் இடது இறக்கையை நானே விரித்துக் காட்டி, "இங்கேதான் இருந்தது, இப்போது தேவலாம்" என்று பழகியவன் மாதிரி சொல்ல வேண்டும். அதற்கு ஒத்திகை வேண்டாமா? டாக்டர் வருகிறாரே என்று கிளியைக் கூண்டில் விட்டிருந்தேன். திறந்தேன். கையை விட்டேன். அது என் கட்டைவிரலைக் கடலை என்று நினைத்ததா, கடனே என்று நினைத்ததா தெரியாது. கடித்துவிட்டுப் பறந்து திரைச்சீலைக் கம்பியின் மேல் போய் உட்கார்ந்துகொண்டது. எவ்வளவு கூப்பிட்டும் இறங்கவில்லை. அதற்குள் ஆட்டம் ஆரம்பித்துவிட்டது.

கிளி மேலே, கொக்குகள் கீழே, நடுவில் விரலில் துணி சுற்றிக்கொண்டு நான்.

ஆட்டம் முக்கால்வாசி நேரம் ஒரு பக்கமும் கோல் விழாமல் போயிற்று. காசிர்யே எல்லா ஆட்டக்காரர்களையும் எஞ்சின் மாதிரியே விமர்சித்தார். இவன் சூடாகவில்லை, அவனுக்கு எண்ணெய் போதவில்லை. கடைசியில் நம் ஆள் ஒருவன் பந்தோடு தனியாகப் புகுந்தான். நான் நாற்காலி நுனிக்கு வந்தேன். அவன் உதைத்தான். வலை அதிர்ந்தது. நான் எழும்பிக் குதித்த குதியில் தரை அதிர்ந்தது. காசிர்யே கையில் இருந்த தகரத் தட்டு பறந்து போய்ச் சுவரில் அடித்து 'டங்' என்று விழுந்தது.

அந்தச் சத்தத்தில் முலாமுசி கம்பியை விட்டுக் கிளம்பியது. கூடத்தை ஒரு சுற்று சுற்றியது. தாழ்வாரத்துக்குப் போகும் கண்ணாடிக் கதவில் வெளியே இருக்கிற மாமரம் தெரிந்தது. கண்ணாடி தெரியவில்லை. நேரே அதில் போய் மோதியது.

கோல் போட்டது யார் என்று இன்றைக்கு வரைக்கும் எனக்குத் தெரியாது.

தரையில் கிடந்தது. எழுந்து நின்றது. ஆனால் வலது இறக்கை கீழே சரிந்து, நுனி தரையைத் தொட்டது. இடது இறக்கை ஒழுங்காக மடிந்திருக்க, இது மட்டும் ஆணி கழன்ற கதவு மாதிரி தனியாகத் தொங்கியது. காலையில் நான் பார்த்ததாகச் சொன்னதற்கும் இதற்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. அடிபட்ட இறக்கை எப்படி இருக்கும் என்று அப்போதுதான் பார்த்தேன். அலகைத் திறந்து மூச்சு வாங்கியது. இறகெல்லாம் உப்பி, பாதிக் கண்ணை மூடிக்கொண்டது. என்னை அது ஒற்றைக் கண்ணால் பார்க்கவில்லை. எதையுமே பார்க்கவில்லை.

டிவியை அணைத்தேன்.

"இன்னும் நேரம் பாக்கி இருக்கு" என்றார் காசிர்யே. நான் திரும்பிப் பார்த்தேன். அவர் போய் விழுந்த தட்டை எடுத்தார்.

 வீட்டில் என்னோடு தினமும் பேசுகிற ஜீவன் அது. சாயங்காலம் நான் வாசலில் கால் வைத்ததும் நந்தேசா குரலிலேயே "கதவைச் சாத்து" என்று சொல்லும். அந்தக் குரலைக் கேட்டால்தான் எனக்கு வீட்டுக்கு வந்த மாதிரி இருக்கும். எத்தனையோ தடவை அதைத் திட்டியிருக்கிறேன். அது வாய் திறந்தும் பேசாமல் நிற்பதைப் பார்க்க என்னால் முடியவில்லை.

காசிர்யேவுக்கு யோசனை பஞ்சமில்லை. இறக்கையைப் பிடித்து நேராக இழுத்தால் எலும்பு தானாக உட்காரும் என்றார். தீக்குச்சி வைத்துக் கட்டலாம் என்றார். மண்ணெண்ணெய் தடவினால் வீக்கம் வடியும், தலைவலி மாத்திரையில் கால் பங்கு கொடுத்தால் வலி போகும் என்றார். நான் பாதி தூரம் குனிந்தேவிட்டேன். அப்புறம் என்ன தோன்றியதோ, நிமிர்ந்து டாக்டருக்குப் போன் செய்தேன்.

டாக்டர் லாமுனு வழியில்தான் இருந்தார். நான் படபடவென்று கொட்டினேன். அவர் அவசரப்படவில்லை. ரத்தம் வருகிறதா என்று முதலில் கேட்டார். இல்லை என்றேன். எலும்பு எங்கேயாவது வெளியே தெரிகிறதா என்றார். இல்லை. நல்லது, இப்போது நான் சொல்கிறதை மட்டும் செய்யுங்கள் என்றார்.

முதலில் திரைச்சீலைகளை இழுத்துவிட்டு அறையை இருட்டாக்கச் சொன்னார். துரத்தக் கூடாது. மெல்லிய துண்டு ஒன்றை மேலிருந்து போர்த்தி, இரண்டு இறக்கைகளும் உடம்போடு சேர்ந்திருக்கும்படி மெதுவாக எடுக்க வேண்டும்.

"நெஞ்சை அழுத்திடாதீங்க. நமக்கு மாதிரி இல்லை. நெஞ்சு முன்னும் பின்னும் அசைஞ்சாத்தான் அதுக்கு மூச்சு. இறுக்கிப் பிடிச்சா இறக்கையை விட்டுட்டு உயிரைத் தேட வேண்டியதாயிடும்."

"இழுத்து நேராக்க வேண்டாமா டாக்டர்?"

"யார் சொன்னது?"

"பக்கத்து வீட்ல ஒருத்தர்."

"அவர் அங்கே இருக்காரா?"

"இருக்கார்."

"அவர் கையைக் கட்டிக்கிட்டு உட்காரட்டும். எண்ணெய், மாத்திரை, குச்சி ஒண்ணும் வேண்டாம்."

காசிர்யே கையைக் கட்டிக்கொண்டார்.

ஒரு அட்டைப் பெட்டியில் காற்றுக்குத் துளை போட்டு, அடியில் துணியை மடித்துப் போட்டு, உட்காரக் கம்பி எதுவும் வைக்காமல் அதற்குள் விடச் சொன்னார். கம்பி வைத்தால் ஏறப் பார்க்கும், விழும். பக்கத்தில் சத்தம் கூடாது. சாப்பாடு கொடுத்துக் கொஞ்ச வேண்டாம். இருட்டும் கதகதப்பும் அமைதியும்தான் இப்போது மருந்து.

விமான நிலையத்திலிருந்து கொண்டுவந்த காலிப் பெட்டி ஒன்று இருந்தது. அதில் 'உடையக்கூடியது, கவனம்' என்று சிவப்பில் அச்சடித்திருந்தது. எத்தனையோ வருஷமாக அந்த வார்த்தைகளை ஒட்டி ஒட்டி அனுப்பியிருக்கிறேன். அர்த்தம் அன்றைக்குத்தான் தெரிந்தது. துண்டோடு முலாமுசியைத் தூக்கியபோது அது எடையே இல்லாமல் இருந்தது. இதயம் மட்டும் என் உள்ளங்கையில் விறுவிறுவென்று அடித்தது. பொய் சொன்ன என் இதயமும் ஏறக்குறைய அதே வேகத்தில்தான் அடித்தது.

பெட்டியின் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தேன். காசிர்யே கடலை கடிக்கவும் பயந்து வாயில் ஊறவைத்துக்கொண்டிருந்தார். தெருவில் ஜனங்கள் கத்துவது கேட்டது. ஜெயித்தார்களா தோற்றார்களா என்று சத்தத்தை வைத்துத் தெரிந்துகொள்ளலாம். நான் பெட்டிக்குள் சத்தம் வருகிறதா என்று மட்டும் கேட்டுக்கொண்டிருந்தேன். ஒன்றும் வரவில்லை. காலையில் கட்டுக்கதை கட்டினவனுக்கு மாலையில் விரலில் உண்மையாகவே ஒரு கட்டு. இறக்கையைப் பற்றிப் பொய் சொன்னவன் மேல் யாருக்கு இரக்கம் வரும்?

வாசல் கதவு திறந்தது. டாக்டர் லாமுனு உள்ளே வந்தார். வந்தவர் கதவைத் திறந்தபடி விட்டுவிட்டு ஒரு அடி எடுத்து வைத்தார்.

"கதவைச் சாத்து" என்றது பெட்டி, நந்தேசா குரலில்.

பழக்க தோஷத்தில் நான் ஓடிப்போய்ச் சாத்தினேன். சாத்திவிட்டுத்தான் யார் பேசியது என்று உறைத்தது. அந்தக் குரல் எனக்கு அவ்வளவு இனிமையாக ஒருநாளும் கேட்டதில்லை.

"பேசுதா? நல்ல அறிகுறி" என்றார் டாக்டர். கையைக் கழுவிவிட்டு வந்து உட்கார்ந்தார். நெட்டையான அம்மாள், வடக்கே பிறந்தவர், மெதுவான பேச்சு. கிளியைத் துண்டோடு எடுத்து, அதன் தலையை மட்டும் மூடி, முதலில் நல்ல இறக்கையை விரல் நுனியால் தடவிப் பார்த்தார். எனக்குப் பதறியது. அடிபட்டது அதுவல்லவே. இரண்டும் ஒரே மாதிரி இருக்கிறதா என்று பார்க்கத்தான் என்று அவரே சொன்னார். பிறகு வலது பக்கம் தோளிலிருந்து நுனி வரை எலும்பு எலும்பாகத் தொட்டுக்கொண்டே வந்தார். ஓரிடத்தில் நின்றார். என் மூச்சும் அங்கேயே நின்றது.

"உங்க வீட்டம்மா போன்ல இடதுன்னு சொன்னாங்களே?"

"அது... எனக்கு எதிர்ல நின்னு பார்க்கும்போது இடது."

"எதிர்ல நின்னு பார்த்திருக்கீங்க."

"ஆமாம் டாக்டர்."

"காலையில?"

"காலையில."

"இது காலையில பட்ட அடி இல்லை. இப்பதான் பட்டிருக்கு. வீக்கமே இன்னும் முழுசா வரலை."

காசிர்யே ஜன்னல் வழியாக மாமரத்தைக் கவனிக்க ஆரம்பித்தார். நான் வாயைத் திறந்தேன். நடந்ததைச் சொல்லிவிடலாம் என்றுதான் திறந்தேன். டாக்டர் கையைக் காட்டி நிறுத்தினார்.

"நான் பறவைக்குத்தான் வைத்தியம் பார்க்கிறேன். மத்ததை உங்க வீட்டம்மா பார்த்துக்கட்டும். எலும்பு உடையலை. மூட்டும் நகரலை. சதையில அடி, அவ்வளவுதான்."

"பறக்குமா?"

"பறக்கும். உங்க கண்ணாடிக் கதவுல ஏதாவது ஒட்டி வெச்சா இன்னும் நல்லாப் பறக்கும்."

என் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. காசிர்யே மூக்கை உறிஞ்சிவிட்டு, கடலைத் தோல் கண்ணில் விழுந்துவிட்டது என்றார். நான் அவரைக் கேட்கவே இல்லை.

ஒட்டினால் இறகைப் பிய்க்காத ஒருவகைத் துணிப்பட்டையால் டாக்டர் இறக்கையை மடித்து எட்டு மாதிரி சுற்றி, உடம்போடு சேர்த்து இன்னொரு சுற்று தளர்வாகக் கட்டினார். நெஞ்சு அசைகிறதா என்று என் விரலையே வைத்துப் பார்க்கச் சொன்னார். அசைந்தது. கடிக்கவில்லை. கட்டு அவிழும்வரை உயரக் கம்பி எல்லாம் எடுத்துவிட்டுத் தாழ்வான இடத்தில் வைக்க வேண்டும், சாப்பிடுகிறதா, எச்சம் சரியாக இருக்கிறதா என்று பார்க்க வேண்டும், இறக்கை குளிர்ந்தோ நிறம் மாறியோ தெரிந்தால் உடனே கூப்பிட வேண்டும், அந்த வாரத்திலேயே ஒருநாள் கொண்டுவந்து காட்ட வேண்டும் என்றார். போகும்போது வாசலில் நின்று, நீங்கள் பெட்டியில் எடுத்து வைத்த விதம் நன்றாக இருந்தது என்றார். சரக்குப் பிரிவில் என்னை யாரும் அப்படிச் சொன்னதில்லை.

வெளிச்சம் மங்குகிற நேரத்தில் நந்தேசா வந்தாள். நான் சொல்ல வேண்டியதை அதற்குள் பலவிதமாக யோசித்து வைத்திருந்தேன். ஒரு விதத்தில் கிளி தானே மோதியது. இன்னொரு விதத்தில் காசிர்யே தட்டுதான் காரணம். எல்லா விதத்திலும் நான் நல்லவன்.

அவள் கோமசியோடு கூண்டுக்கு முன்னால் மண்டியிட்டு இறக்கையில் இருந்த கட்டைப் பார்த்தாள். முலாமுசி கழுத்தை நீட்டி அவள் விரலை மெதுவாகக் கவ்வியது. அவள் கையில் வைத்திருந்த வாழைப்பழத் துண்டைத் தின்றது. அவள் முகத்தில் அப்படி ஒரு நிம்மதி. டாக்டர் வழியிலேயே போன் பண்ணிச் சொல்லிவிட்டார், எலும்பு தப்பித்தது என்று சொன்னாள். அதற்கு மேல் என்ன சொன்னார் என்று நான் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை.

நிச்சயதார்த்தத்திலிருந்து கொண்டுவந்த கூடையைத் திறந்தாள். வாழைக்காயை வேகவைத்து மசித்த மடோகே களியிலிருந்து ஆவி பறந்தது. அதற்குப் பக்கத்தில் வாழையிலையில் பொதிந்து கட்டிய லுவொம்போ. பிரித்தால் நிலக்கடலைக் குழம்பில் வெந்த ஒரு முழுக் கோழி. எங்கள் பக்கம் முழுக் கோழியை யாருக்கு வேண்டுமானாலும் கொடுத்துவிட மாட்டார்கள். நான் காலையிலிருந்து கடலையைத் தவிர ஒன்றும் சாப்பிடவில்லை. உட்கார்ந்தேன். இரண்டு வாய் போட்டுவிட்டுக் கையைப் பார்த்தேன். கோழியின் இறக்கை கையில் வந்திருந்தது.

அதைக் கீழே வைத்துவிட்டு எல்லாவற்றையும் சொன்னேன். கான்சுவிலிருந்து கண்ணாடிக் கதவு வரைக்கும். காலையில் இறக்கை தொங்கியது பொய், என் வாயால்தான் இது உண்மையாகிவிட்டது, என்னைத் திட்டு என்றேன்.

"தெரியும்" என்றாள் நந்தேசா.

"டாக்டர் சொன்னாங்களா?"

"காலையிலேயே தெரியும். நீங்க எழுந்திருக்கிறதுக்கு முன்னாடி நான்தான் அதைக் குளிப்பாட்டி வெயில்ல வெச்சேன். ஈரம் காயறதுக்கு ரெண்டு இறக்கையையும் தொங்கப்போட்டுக்கிட்டு உட்கார்ந்திருந்தது. அடிபட்டா ஒரு பக்கம்தான் தொங்கும். துணைக்குத் தொங்காது."

 தெரிந்தும் ஏன் டாக்டரை வரச் சொன்னாய் என்று கேட்டேன். கோழியில் இன்னொரு துண்டை எடுத்து என் தட்டில் வைத்தாள்.

"ஆட்டம் சுவாரசியமில்லைன்னா பாதியில கிளம்பி எம்பிகிக்கு வந்துடுவீங்களோன்னு பயம். டாக்டர் வராங்கன்னா வீட்டை விட்டு நகர மாட்டீங்க."

"நான் வந்தா என்ன?"

 போன தடவை பெரிய தங்கையின் நிச்சயத்தில் நடந்ததை எனக்கு ஞாபகப்படுத்தினாள். பெண் வீட்டுப் பேச்சாளர் தண்ணீர் குடிக்கப் போன இடைவெளியில் நான் மைக்கை எடுத்திருக்கிறேன். மாப்பிள்ளை வீட்டாரைப் பார்த்து, "நான் இந்த வீட்டில்தான் பெண் எடுத்தேன், இப்போதும் ஒன்றும் கெட்டுப்போகவில்லை, நிதானமாக யோசியுங்கள்" என்று பேசியிருக்கிறேன். ஜனங்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அதை என் பேச்சுத் திறமை என்று நான் இத்தனை நாள் நம்பிக்கொண்டிருந்தேன். மாப்பிள்ளையின் பெரியப்பா நிஜமாகவே யோசிக்க ஆரம்பித்துவிட்டாராம். அவரைச் சமாதானப்படுத்துவதற்குள் பொழுது சாய்ந்துவிட்டதாம். இந்தத் தடவை அத்தானை எப்படி நிறுத்துவது, மனசு நோகாமல் எப்படிச் சொல்வது என்று அவள் தம்பி வின்சென்ட் ரொம்ப நாளாக அவளை நச்சரித்துக்கொண்டிருந்தானாம். அவளுக்கும் வழி தெரியவில்லையாம்.

"அப்புறம் நீங்களே பல் தேய்ச்சுக்கிட்டு வந்து இறக்கை தொங்குதுன்னீங்க."

முலாமுசி கூண்டுக்குள் தலையைச் சாய்த்து ஒற்றைக் கண்ணால் பார்த்தது. பழைய பார்வை. குணமாகிவிட்டது என்று தெரிந்துகொண்டேன். ஒரு பக்கம் அவமானமாக இருந்தாலும், அந்தப் பார்வை திரும்பி வந்ததில் மற்றதெல்லாம் பெரிதாகப் படவில்லை. கிளிக்கு எலும்பு உடையவில்லை. எனக்குத் திட்டு விழவில்லை. தட்டில் முழுக் கோழி இருக்கிறது. மனிதனுக்கு வேறென்ன வேண்டும்? நிம்மதியாகச் சாப்பிட ஆரம்பித்தேன்.

சாப்பிடச் சாப்பிட எனக்குக் கொஞ்சம் கௌரவமும் திரும்பியது. என்னதான் இருந்தாலும் மூத்த மருமகன். வராதவனுக்கும் முழுக் கோழி அனுப்பியிருக்கிறார்கள்.

"இதை மட்டும் மறக்காம யார் கொடுத்தனுப்பினாங்க?" என்று கேட்டேன்.

"வின்சென்ட்தான். கார் வரைக்கும் தூக்கிட்டு வந்து கொடுத்தான்."

"பார்த்தியா? மைக் விஷயத்தையெல்லாம் மனசுல வெச்சுக்கலை. என் மேல அவனுக்கு மரியாதை இருக்கு. என்ன சொல்லிக் கொடுத்தான்?"

நந்தேசா இலையை மடித்தாள்.

"வராததுக்கு நன்றின்னு சொல்லச் சொன்னான்."